எமிலியானாவுக்கு இருக்கத் தெரியாது

எமிலியானா நகரப் பொலிஸின் தலைமையை விட்டுக் கப்பல் கொம்பனிக்குப் போனது சம்பளத்துக்காக என்று பலேர்மோவில் சிலர் சொல்லித் திரிகிறார்கள். எங்கள் ஆட்களிலும் சிலர்தான். வாய் புளித்ததோ மாங்காய் புளித்ததோ என்று கதைக்கிறவர்களுக்கு என்னத்தைச் சொல்ல? லிபெர்த்தாத் தெருவில் அவருடைய வீட்டில் வேலை செய்தவள் நான், சறோஜா. நடந்ததை நானே சொல்கிறேன். நானும் அவரும் பேசியது இத்தாலியனில். என் வாயால் வரும்போது அது யாழ்ப்பாணத் தமிழாகத்தான் வரும், பொறுத்துக்கொள்ளுங்கள்.

தொண்ணூற்றொன்றில் நான் வேலைக்குப் போனபோது அவர் சட்டத்தரணி. நாற்பது வயதைத் தாண்டியவர், கலியாணம் கட்டவில்லை. காலில் சில்லுப் பூட்டிய மனுஷி. தொலைபேசியில் கதைத்தாலும் நடைதான். வயர் கதிரைக் காலில் சுற்றும், கதிரை விழும், பக்கத்திலிருக்கும் பூச்சாடி உடையும், நான் கூட்டி அள்ளுவேன். கோப்பி கொடுத்தால் பாதிக் கோப்பை குளியலறையில் இருக்கும். இன்னொரு கோப்பையைப் பல்கனியில் தேடி எடுக்க வேண்டும்.

"சிஞ்ஞோரா, ஒருக்கா இருங்கோவன்! எனக்கே கால் உளையுது."

"இருந்தால் என்ரை மூளை நிண்டுபோகும், சறோஜா."

துறைமுகத்தில் மூட்டை தூக்குகிறவர்கள், மீன்காரர், தெருவில் விற்கிறவர்கள், இவர்கள்தான் அவரிடம் வருவார்கள். என் கணவர் அருளையாவும் தெருவில் விற்கிறவர்தான். துறைமுக வாசலடியில் மேசை போட்டுக் குடையும் கறுப்புக் கண்ணாடியும் விற்றார், அனுமதி இல்லாமல். ஒருமுறை நகரப் பொலிஸ்காரர் சாமானையெல்லாம் அள்ளிக்கொண்டு போய்விட்டார்கள். எமிலியானா கேள்விப்பட்டவுடன் செருப்பை மாற்றாமலே ஓடிப்போய் மீட்டுக்கொண்டு வந்தார். அதோடு விடவில்லை, அனுமதிக்கு முறையாக விண்ணப்பமும் போட்டுக் கொடுத்தார். அது கிடைத்தால் அருளையாவின் பெர்மெசோவை, அதுதான் இந்த நாட்டில் இருக்கிறதுக்கான கடதாசியை, புதுப்பிக்கலாம். அன்றிலிருந்து எங்கள் வீட்டில் சாமிப் படத்துக்கு அடுத்தபடி எமிலியானாதான்.

தொண்ணூற்றிரண்டு கோடையில் மாஃபியாக்காரர் நீதிபதிகளைக் கொல்ல வைத்த குண்டுகள் இந்த நகரத்தில் வெடித்தன. குண்டுச் சத்தம் எங்களுக்கென்ன புதிதா? ஆனால் எமிலியானா அதற்குப் பிறகு பழைய ஆள் இல்லை. சனம் கொலைகாரருக்கு எதிராக வெள்ளைச் சீலைகளைப் பல்கனிகளில் தொங்கவிட்டது. இவர் நான் வியர்க்க வியர்க்க மினுக்கி அடுக்கியிருந்த படுக்கை விரிப்புகளையெல்லாம் உருவி, கறுப்பு மையால் "போதும்" என்று எழுதித் தொங்கவிட்டார்.

"ஐயோ, அது நல்ல விரிப்பு!" என்று கத்தினேன்.

"நல்லதைத்தானே தொங்கவிட வேணும்!" என்று திருப்பிக் கத்தினார்.

அதன்பின் வழக்கு அறை அவருக்குப் போதவில்லை. ஒவ்வொருவராகக் காப்பாற்றி எந்தக் காலத்தில் இந்த ஊர் உருப்படும் என்று நடந்து நடந்து புலம்புவார். தொண்ணூற்றைந்து தை முடிவில் நகரசபை கூப்பிட்டு, நகரப் பொலிஸுக்குத் தலைவராக வரச் சொன்னது. தெரு, சந்தை, கடை அனுமதி எல்லாம் அவர் கையின் கீழ். முடிவு வராத அருளையாவின் விண்ணப்பமும் அங்கேதான் கிடந்தது. ஒரு பெண், அதுவும் சட்டத்தரணி, அந்தக் கதிரைக்குப் போகிறார் என்று தொலைக்காட்சியிலும் காட்டினார்கள்.

அருளையாவுக்குத் தலைகால் புரியவில்லை. "பெரிய பதவி எடுத்தவவை வெறுங்கையோட போய்ப் பாக்கிறதே?" என்றார்.

"வீட்டிலை வைச்சுக் குடுப்பம்."

"வீட்டிலையோ? நீர் என்ன கதைக்கிறீர்? கந்தோரிலை, நாலு பேர் பாக்கக் குடுத்தால்தான் அது மரியாதை."

எனக்கும் அது சரியாகத்தான் பட்டது. ஊரில் புதிதாக ஒரு அதிபரோ நீதவானோ வந்தால் அப்படித்தானே செய்வோம். தட்டத்தில் இந்த ஊர் மந்தரீன் தோடம்பழம், வாழைப்பழம், கற்கண்டு எல்லாம் வைத்தோம். நடுவில் எங்கள் கலியாணத்துக்கு வந்த வெள்ளிக் குங்குமச்சிமிழ். மேலே சரிகைக் கரைச் சால்வை. அருளையா கோட்டுப் போட்டு, திருநீறு பூசி, மாப்பிள்ளை மாதிரி நடந்தார்.

கந்தோர் நிறைய ஆட்கள். சீருடைக்காரர், பத்திரிகைக்காரர், படம் எடுக்கிறவர்கள். அருளையா நேரே போய்ச் சால்வையை எமிலியானாவின் தோளில் போர்த்தித் தட்டத்தை நீட்டினார். எமிலியானாவின் முகம் வெளிறியது. பக்கத்தில் நின்ற உதவித் தலைவர் சிமிழைக் கையில் எடுத்துப் பார்த்தார். வெள்ளி.

"உமக்கு இஞ்சை ஏதும் அலுவல் இருக்கோ?" என்று கேட்டார்.

அருளையா நெஞ்சை நிமிர்த்தி, தனக்குத் தெரிந்த இத்தாலியனில் உரக்கச் சொன்னார்: "ஓம் ஓம்! என்ரை அனுமதி இவவின்ரை கையிலைதான் இருக்கு!"

பிள்ளையார் பிடிக்கக் குரங்காக முடிந்தது. எமிலியானா என்னைப் பார்த்தார், நான் அவரைப் பார்த்தேன். என்னைத் தெரியும் என்று ஒரு சொல் சொல்லியிருக்கலாம். சொல்லவில்லை. சால்வையை எடுத்துத் தட்டத்தில் வைத்துவிட்டு, "சட்டப்படி எழுதுங்கோ" என்றார்.

எழுதினார்கள். அதிகாரிக்குக் கைலஞ்சம் கொடுக்க முயன்றதாக வழக்கு. தீர்ப்புப் பிழைத்தால் பெர்மெசோ போய்விடும், நாட்டை விட்டு அனுப்புவார்கள் என்று எங்கள் பக்கத்துச் சட்டத்தரணி சொன்னார். எங்கே அனுப்புவது? வழக்கு விசாரணைக்கு வந்த ஐப்பசி கார்த்திகையில் யாழ்ப்பாணமே ஆமிக்குப் பயந்து மூட்டை முடிச்சோடு தெருவில் நின்றது. இரவெல்லாம் அருளையா சுவரைப் பார்த்துக்கொண்டு படுத்திருப்பார். எனக்கும் நித்திரை இல்லை.

கீழ்வீட்டுப் புனிதமலர் படியில் மறித்தாள். "அரசனை நம்பிப் புருசனைக் கைவிட்ட கதையாப் போச்சே, சறோஜா. இன்னும் அவவின்ரை வீட்டுக்குப் போறியோ?"

போனேன். அவர் கண்ணுக்கு முன்னால் நிற்க வேண்டும் என்றே போனேன். ஒரு நாள் சட்டியை நிலத்தில் போட்டுவிட்டுக் கேட்டேன்.

"அது எங்கடை வழக்கம், லஞ்சமில்லை எண்டு உங்களுக்குத் தெரியும். கோட்டிலை வந்து சொல்லுங்கோ."

எமிலியானா சன்னலுக்கும் கதவுக்குமாக நடந்தார். "சொல்லலாம். எப்பிடித் தெரியும் எண்டு கேப்பினம். நீ இஞ்சை வேலை செய்யிறாய் எண்டு சொல்லவேணும். நாலு வருசமா நான் உன்னைச் சட்டப்படி வேலையாளெண்டு பதியேல்லை, சறோஜா."

எனக்குத் தெரிந்த விஷயம்தான். காலையில் நான் போகும் ஒரு கிழவியின் வீட்டுப் பதிவில்தான் என் பெர்மெசோ ஓடியது. எமிலியானாவைக் கேட்கும்போதெல்லாம், "அடுத்த மாசம், கட்டாயம்" என்று சொல்லிக்கொண்டே வாசலைத் தாண்டி ஓடிவிடுவார். உலகத்துக்கெல்லாம் நியாயம் கேட்க ஓடுகிறவருக்கு, தன் குசினிக்குள் நிற்கிறவளின் பேரை எழுத நேரம் வரவில்லை. இப்போது களவாக ஆள் வைத்து வேலை வாங்கும் கடைக்காரரைப் பிடிப்பதும் அவருடைய ஆட்கள்தான். ஊருக்குத்தான் உபதேசம்!

"அப்ப என்ரை மனுசன்?" என்றேன்.

திரும்பவும் நடைதான். எனக்கு வந்த ஆத்திரத்தில் கதவை அடித்துச் சாத்திக்கொண்டு வந்தேன்.

விசாரணை அன்று அவர் சாட்சியாக வந்தார். வராமல் இருக்க முடியாது, அழைப்பாணை. நீதிபதி முதலில் கேட்டது சின்னக் கேள்விதான்: தட்டம் கொண்டுவந்தவரைத் தெரியுமா? முன்பு சாமான் மீட்டுக் கொடுத்தேன் என்று மட்டும் சொல்லிவிட்டு அவர் இறங்கிப் போயிருக்கலாம்.

"தெரியும். அது லஞ்சமில்லை. பதவி எடுத்தவையை அவையள் அப்பிடித்தான் மதிக்கிறது. என்ரை வீட்டுக்கும் அவையள் ஒருநாளும் வெறுங்கையோட வந்ததில்லை."

"உங்கடை வீட்டுக்கு ஏன் வருகினம்?"

"இவரின்ரை மனுசி என்ரை வீட்டிலை வேலை செய்யிறா. நாலு வருசமா. பதிவில்லாமல். பிழை முழுக்க என்ரை."

பின் வாங்கில் இருந்த பத்திரிகைக்காரர் எழும்பிவிட்டார்கள். நீதிபதி கண்ணாடியைக் கழற்றினார். "நீங்கள் சொல்லுறது உங்களை எங்கை கொண்டுபோய் விடும் எண்டு விளங்குதோ?"

"நான் சட்டத்தரணி. விளங்குது."

அருளையா விடுதலை. எமிலியானா பின்னேரமே பதவி விலகல் கடிதம் கொடுத்தார். பத்திரிகைகள் அவரைக் கிழித்துத் தோரணம் கட்டின. சில மாதம் யாரும் கூப்பிடவில்லை. பிறகுதான் நாப்போலிக்கும் ஜெனோவாவுக்கும் கப்பல் விடும் ஒரு கொம்பனி அவரை நிர்வாகப் பணிப்பாளராக எடுத்தது. அங்கேயும் மேல் மாடிக் கந்தோரில் ஆளைக் காண முடியாதாம். இயந்திர அறையில் நிற்பார், இல்லாவிட்டால் கப்பல் கூட்டுகிறவர்களோடு நின்று அவர்களுடைய பதிவு விபரம் கேட்பார். அருளையாவின் மேசைக்கு வருகிறவர்கள் சொல்வார்கள். மேசைக்கு அனுமதியும் கிடைத்துவிட்டது.

ஆனால் எனக்கு மறக்காதது அன்று நீதிமன்ற நடைக்கூடத்தில் நடந்ததுதான். அருளையா கும்பிட்டுக்கொண்டு அழுதார். எமிலியானா அவரைத் தாண்டி என்னிடம் வந்தார்.

"என்னை மன்னிப்பியோ, சறோஜா?"

ஓம் என்று சொல்ல வாய் வந்தது. நெஞ்சு விடவில்லை.

"என்ரை மனுசனைத் தந்தியள். சாகுமட்டும் கும்பிடுவன். ஆனா அண்டைக்குக் கந்தோரிலை என்னைத் தெரியாத மாதிரி நிண்டியளே, அதை மன்னிக்கமாட்டன்."

தலையைக் குனிந்து கேட்டார். "நியாயம்" என்றார். பிறகு, மெதுவாக, "நாளைக்கு வருவியோ?"

"வாறன். வந்த உடனை ரெண்டு பேரும் பதிவுக் கந்தோருக்குப் போறம். என்ரை பேரை எழுதிப்போட்டுத்தான் கோப்பி."

அந்த நடைக்கூடத்தில் அத்தனை சனம் பார்த்துக்கொண்டு நிற்க, பலேர்மோ நகரப் பொலிஸின் தலைவர் என் தோளில் முகத்தை வைத்து விம்மினார். நானும்தான் அழுதேன்.