வீட்டில் சொல்லக்கூடாத தொகுதி

எங்கள் வீட்டில் கரூர் என்ற பேரை யாரும் வாயால் சொல்லக் கூடாது. அந்த ஊர் எங்களுக்கு ஒரு கெடுதலும் செய்ததில்லை. புதுக்கோட்டை நாடாளுமன்றத் தொகுதியை இல்லாமல் ஆக்கி, துண்டு துண்டாக வெட்டிச் சுற்றியிருந்த தொகுதிகளுக்குப் பங்கு கொடுத்தபோது, அன்னவாசல் பக்கத்திலிருக்கும் எங்கள் ஊர் கரூரோடு போய்விட்டது. அவ்வளவுதான் அதன் குற்றம். அப்பா வீட்டு வாசலில் கறுப்புத் துணி கட்டினார்.

"கலெக்டர் ஆபீசு புதுக்கோட்டை, கோர்ட்டு புதுக்கோட்டை, ஆஸ்பத்திரி புதுக்கோட்டை, எம்.பி. மட்டும் கரூரா? பொண்ணைப் பாக்காமலே தாலி கட்டச் சொல்றானுகளா?" என்று தெருவில் நின்று கத்தினார். அதற்குப் பிறகு எம்.பி. தேர்தலில் அவர் ஓட்டுப் போட்டதே இல்லை. பிரச்சார வண்டிச் சத்தம் கேட்டாலே கொல்லைப்பக்கம் போய்விடுவார்.

என்னைக் குன்றாண்டார்கோவில் பக்கம் கட்டிக்கொடுத்தார்கள். அதே மாவட்டம்தான், ஆனால் அதுவும் புதுக்கோட்டை டவுனும் திருச்சித் தொகுதி. என் தம்பிக்குக் கேலி பேச அது போதாதா? நான் பிள்ளைகளோடு வந்து இறங்கினால், "வெளித்தொகுதி ஆளுங்க வந்தாச்சும்மா, சோத்துப் பானையைப் பத்திரமா வையி" என்பான். "போடா கரூரான்" என்பேன் நான், அப்பா காதில் விழாமல். அவன் விழுந்து விழுந்து சிரிப்பான்.

அவன் சவுதிக்குக் கட்டட வேலைக்குப் போனான். ஒருநாள் காலையில் அவனோடு அறையில் தங்கியிருந்தவர் போன் செய்தார். தூக்கத்திலேயே போய்விட்டான் என்றார். நெஞ்சுவலியாக இருக்கும் என்றார். அம்மா அழுது ஓய்ந்தபின் கேட்டது ஒன்றே ஒன்றுதான். "எம்புள்ள மொகத்தை ஒருதரம் எங்கண்ணுல காட்டிருங்க."

அதுதான் நடக்கிற வழியாக இல்லை. உடலை அனுப்பக் கம்பெனி கையெழுத்துப் போட வேண்டும், போடவில்லை. கலெக்டர் அலுவலகத்தில் மனு கொடுத்தோம். "எம்.பி. டெல்லியில ஒரு வார்த்தை பேசினா சீக்கிரம் வரும்ங்க" என்று அங்கே ஒருவர் சொன்னார். நானும் அப்பாவும் அப்படியே புதுக்கோட்டையிலேயே விசாரித்து, அங்கிருந்த எம்.பி. அலுவலகத்துக்குப் போனோம். அது எந்த எம்.பி. என்று எனக்கும் உறைக்கவில்லை. பிரசவத்துக்கும் புதுக்கோட்டை, பட்டாவுக்கும் புதுக்கோட்டை என்று ஓடிய கால், இதற்கும் அங்கேதான் போனது. அன்று அலுவலகம் பூட்டியிருந்தது. மறுநாளும் போனோம், பூட்டுதான். நடுவில் ஏதோ விடுமுறை. மறுபடி போய் உட்கார்ந்தபோதுதான் ஆள் கிடைத்தார். நல்ல மனுசர். தண்ணீர் கொடுத்துவிட்டுத்தான் பேசினார்.

"ஊரு எதுங்க?"

"அன்னவாசல் பக்கம்ங்க" என்றார் அப்பா.

"அய்யோ, அது கரூர்ல வருதுங்களே. அந்த எம்.பி. எழுதுறதுதாங்க முறை."

"நான் குன்றாண்டார்கோவில்ங்க. இந்தத் தொகுதிதான். அவன் கூடப்பொறந்தவ நான்" என்றேன்.

"நீங்க இந்தத் தொகுதிதாங்க அக்கா. தம்பி அந்தத் தொகுதியாச்சே."

ஒரு வயிற்றில் பிறந்தவர்களை எவனோ மேப்பில் கோடு போட்டுப் பிரித்து வைத்திருக்கிறான்! அந்த மேசையைப் புரட்டிப் போட்டுவிடலாமா என்று ஆத்திரம் வந்தது. அந்த மனுசர் என்ன செய்வார், பாவம். என் ஆத்திரமெல்லாம் பஸ் ஸ்டாண்டில் அப்பா மேல் திரும்பியது.

"எல்லாம் ஒங்க வீம்பு! அந்தப் பேரையே சொல்லக் கூடாதுன்னீங்களே, இப்ப எங்க போயி நிப்பீங்க? அவன் அங்க ஐஸ் பெட்டியில கெடக்குறான்ப்பா!"

சுற்றி நின்றவர்கள் திரும்பிப் பார்த்தார்கள். அப்பா அங்கே நின்றிருந்த கண்டக்டரிடம் போய், "தம்பி, கரூருக்கு எங்கிட்டு ஏறணும்?" என்று கேட்டார். கறுப்புத் துணி கட்டிய நாளுக்குப் பிறகு அந்தப் பேர் அவர் வாயிலிருந்து வந்து நான் கேட்டது அதுதான் முதல் தடவை.

விராலிமலை, மணப்பாறை என்று பஸ் மாறி மாறிப் போய்ச் சேர்ந்தோம். முன்னேபின்னே தெரியாத ஊரில் வழி கேட்டு அலுவலகத்தைக் கண்டுபிடித்தோம். அங்கிருந்த இளைஞர் எழுந்து நின்று, "நம்ம தொகுதிதானுங்களாய்யா?" என்றார்.

அப்பா தோளில் கிடந்த துண்டைக் கையில் எடுத்துக்கொண்டார். "ஆமாங்க. கரூர்த் தொகுதிதாங்க. நாங்க ஒங்க ஜனந்தாங்க" என்றார். என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை. வெளியே வந்துவிட்டேன். அவரை அப்படிப் பேசவைத்தது நான்தான்.

அவர்கள் அப்போதே டெல்லிக்குப் போன் போட்டார்கள். அதற்குப் பிறகு வேலை மளமளவென்று நடந்தது. திருச்சி விமான நிலையத்திலிருந்து பெட்டி ஊர் வந்து சேர்ந்தது. ஆம்புலன்ஸ்காரர் அப்பாவைத் தனியாகக் கூப்பிட்டு, "தொறக்க வேணாம்ங்க. நாளாயிருச்சு, பாக்குற மாதிரி இருக்காது" என்றார்.

அம்மாவை நாங்கள் பிடித்துக்கொண்டோம். அவள் திமிறவில்லை. பலகையின் மேல் கையை வைத்துத் தடவிக்கொண்டே, "தலை இங்கிட்டா, அங்கிட்டா? யாராச்சும் சொல்லுங்களேன்" என்று கேட்டாள். எங்களில் யாருக்கும் தெரியவில்லை.

நாங்கள் புதுக்கோட்டையில் தொலைத்த அந்தச் சில நாட்கள்தான் காரணமா? கம்பெனி எப்படியும் இழுத்தடித்திருக்கும் என்று எல்லோரும் சொல்கிறார்கள். நானும் அப்பாவிடம் அதைத்தான் சொல்கிறேன். அவர் கேட்பதாக இல்லை.

இப்போது தொகுதிகளை மறுபடியும் பிரிக்கப்போகிறார்கள் என்ற பேச்சு ஊரெங்கும் ஓடுகிறது. போன வாரம் நான் அப்பா வீட்டில் இருந்தபோது ஊர்க்காரர்கள் சிலர் வந்தார்கள். "புதுக்கோட்டைத் தொகுதியைத் திருப்பிக் கேட்டு மறியல் பண்ணப்போறோம்ணே. அன்னைக்கு மொத ஆளாக் கறுப்புத்துணி கட்டுனது நீங்கதானே? நீங்கதான் முன்னாடி நிக்கணும்" என்றார்கள்.

அப்பா அவர்களை உட்காரச் சொன்னார்.

"எதோட வேணும்னாலும் சேக்கட்டும்ப்பா" என்றார். "புள்ள செத்தா யாரு வாசல்ல போயி நிக்கணும்னு மட்டும் மொதல்லயே சொல்லிடச் சொல்லுங்க."