காஞ்சிபுரம் டூரில் கிடைத்த ஹேப்பி சிவப்பு

1. மோர் ஹேப்பி

திருப்பூர் பனியன் கம்பெனிகளில் மெர்ச்சண்டைசர் வேலைக்கு, அதாவது வெளிநாட்டு பையரிடம் பேசி ஆர்டரை முடித்துக் கொடுக்கிற வேலைக்கு, புதிதாக வரும் பிள்ளைகள் என்னிடம் கேட்கும் முதல் கேள்வி, "மேடம், பையர் கமெண்ட் புரியலன்னா என்ன பண்றது?" என்பதுதான். புரியவில்லை என்று எழுதிக் கேள், இதில் என்ன வெட்கம் என்பேன். இன்றைக்கு இப்படிச் சொல்கிறேன். அன்றைக்கு எங்கள் கம்பெனியில் அது நடக்கிற காரியமா? முதலாளி சென்னியப்பண்ணன் விட மாட்டார். பையரிடம் "புரியல" என்று சொல்வது, பந்தியில் உட்கார்ந்தவரிடம் "சோறு தீர்ந்துபோச்சு" என்று சொல்வது மாதிரி அவருக்கு.

இரண்டாயிரத்து ஐந்து, ஆறு வாக்கில் நடந்தது இது. ஜெர்மனியிலிருந்து உர்சுலா மேடம் என்று ஒரு பையர். குழந்தைகளுக்கான குளிர்கால நைட் டிரஸ், ஒரே கலர், சிவப்பு. கலரை முடிவு செய்ய நாங்கள் லேப் டிப் அனுப்புவோம். டையிங் லேபில் கைக்குட்டை அளவுத் துணியில் சாயம் போட்டு அனுப்புவதுதான் லேப் டிப். அதை பையர் அப்ரூவ் செய்யாமல் ஒரு மீட்டர் துணிகூட சாயத்தொட்டியில் இறங்காது.

முதல் டிப்புக்கு வந்த பதில்: "நைஸ். பட் மோர் ஹேப்பி."

நான் அருள்புரம் டையிங்குக்கு ஓடினேன். மாஸ்டர் அந்த மெயிலைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்.

"ஏனுங்க அம்மிணி, ஹேப்பிக்கு எத்தனை பர்சென்ட் ஏத்தோணும்னு கேட்டுச் சொல்லுங்க. யெல்லோ ஏத்துனா ஹேப்பியா, புளூ எறக்குனா ஹேப்பியா?"

எனக்கென்ன தெரியும்? நான் சாத்தான்குளம் பக்கம் பி.காம் முடித்துவிட்டு வந்தவள். யெல்லோவை ஏற்றினோம். "ஹேப்பி, ஆனால் மனசிலிருந்து வரவில்லை" என்று வந்தது. புளூவை இறக்கினோம். "இது கோபமாக இருக்கிறது" என்று வந்தது. அடுத்ததற்கு "குடித்துவிட்டுச் சிரிக்கிற மாதிரி" என்றார். மாஸ்டர் என்னைக் கண்டாலே லேபுக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொள்ளும் நிலைமை வந்துவிட்டது.

கேட்கச் சிரிப்பாக இருக்கும். எங்களுக்கு அது பிழைப்பு. அந்த சீசனில் எங்களுக்கு இருந்த பெரிய ஆர்டர் அது ஒன்றுதான். ஸ்டிச்சிங் ஹாலில் பாதி மெஷின் சும்மா கிடந்தது. டெய்லர்கள் ஒவ்வொருவராக வேறு கம்பெனிக்குப் போய்க்கொண்டிருந்தார்கள். ஆர்டர் போனால் அடுத்து வீட்டுக்குப் போகிற ஆள் நான்தான். என் சம்பளத்தில்தான் எங்கள் லைன் வீட்டில் அடுப்பு எரிந்தது.

அந்த நேரம் பார்த்து உர்சுலா மேடம் இந்தியாவுக்கு வந்தார். திருப்பூருக்கு இல்லை, மகாபலிபுரம் பக்கத்தில் ஒரு பீச் ரிசார்ட்டுக்கு, லீவுக்கு. போன் போட்டேன். லீவில் வேலை பேச மாட்டேன், ஊர் திரும்புவதற்குள் கலர் முடியாவிட்டால் ஆர்டர் துருக்கிக்குப் போகிறது, நாளை மறுநாள் ரிசார்ட் வேனில் காஞ்சிபுரம் டூர் போகிறேன், பை என்று வைத்துவிட்டார்.

நான் அழாத குறையாக முதலாளியிடம் சொன்னேன். அவர் மீசையைத் தடவினார்.

"அந்த டூர் வேன்ல ரெண்டு சீட்டு இருக்குதான்னு கேளு அம்மிணி."

2. நோ கலர், மேடம்

ரிசார்ட் வாசலில் வேன் நின்றது. வெள்ளைக்காரர்கள் அரை டிரவுசரும் தொப்பியுமாக ஏறிக்கொண்டிருந்தார்கள். நடுவில் எங்கள் முதலாளி, கஞ்சி போட்ட வெள்ளை வேட்டி சட்டையில், தோளில் லேப் டிப் பையோடு. சட்டைப் பையில் பேனாவுக்குப் பக்கத்தில் ட்ரிம்மர், அதாவது நூல் வெட்டுகிற குட்டிக் கத்திரி. திருப்பூர்க்காரனுக்கு அது இல்லாமல் சட்டை போட்ட மாதிரியே இருக்காது.

உர்சுலா மேடம் எங்களைப் பார்த்ததும் தொப்பியைக் கழற்றிவிட்டார். "யூ?"

"டூரிஸ்ட், மேடம்," என்றார் முதலாளி. "மீ ஆல்சோ ஹாலிடே."

மேடம் விரலை நீட்டினார். சாயங்காலம் டீ வரைக்கும் கலர் பற்றி ஒரு வார்த்தை பேசக் கூடாது.

"நோ கலர், மேடம்," என்று முதலாளி கோர்ட்டில் சத்தியம் செய்வதுபோலக் கையைத் தூக்கினார்.

கைடு பெயர் வரதன். மடிப்புக் கலையாத பேண்ட், கையில் மடக்குக் குடை. ராஜா, வருஷம், கட்டடக்கலை என்று மைக்கில் ஆரம்பித்தால் நடுவில் யாரும் மூச்சு விடக் கூடாது. கைலாசநாதர் கோயிலில் ஒரு மாடத்துக்குள் பழைய ஓவியத்தின் மிச்சம் இருக்கிறது என்று காட்டினார். மங்கலாக ஒரு சிவப்பு தெரிந்தது. அவ்வளவுதான், முதலாளிக்குச் சத்தியம் மறந்துபோயிற்று.

"ஏனுங்க, இது என்ன டைங்க?"

"சார், இது ஆயிரத்து முந்நூறு வருஷப் பழமையான சுவரோவியம்."

"அதைத்தானுங்க கேக்கறேன். இத்தனை வருசம் மழையிலயும் வெய்யில்லயும் நின்னிருக்குது, ஃபாஸ்ட்னஸ் எவ்வளவு பாருங்க! நம்மளுது ரெண்டு வாஷ்ல வெளுத்துருதே!"

"சார், கொஸ்டின்ஸ் எல்லாம் கடைசில."

உர்சுலா மேடம் திரும்பி முறைத்தார். முதலாளி உடனே கோபுரத்தைப் பார்த்துக் கும்பிட ஆரம்பித்தார். நான் ஏசுவே என்று தலையில் கை வைத்துக்கொண்டேன். ஏகாம்பரநாதர் கோயில் மாமரத்தடியிலும் இதே கூத்துதான். இலை என்ன பச்சை என்று என் காதைக் கடித்தார். கைடு எங்களைவிட்டுப் பத்தடி தள்ளியே நடந்தார்.

3. கத்திரி பட்ட சேலை

கோயில் முடிந்தால் பட்டுக்கடை. டூர் என்றால் அது விதி. வெள்ளை விரிப்பில் எங்களை உட்கார வைத்துச் சேலைகளை அவிழ்த்துப் போட்டார்கள். பக்கத்திலேயே செய்யாறு பக்கத்திலிருந்து வந்த ஒரு கல்யாணக் கோஷ்டி. மாப்பிள்ளையின் அம்மா நடுவில் உட்கார்ந்து உத்தரவு போட்டுக்கொண்டிருந்தார். கல்யாணப் பெண் ஓரமாகத் தலையைக் குனிந்துகொண்டு இருந்தாள். அவர்கள் எடுத்து முடித்த முகூர்த்தச் சேலை எங்களுக்கும் அவர்களுக்கும் நடுவில் விரிந்து கிடந்தது. பழுத்த மிளகாயின் சிவப்பு.

உர்சுலா மேடம் எழுந்தே நின்றுவிட்டார்.

"தட்! தட் இஸ் ஹேப்பி!"

மாதக்கணக்காக எங்கள் உயிரை வாங்கிய வார்த்தை அது. அதைக் கேட்டதும் முதலாளிக்கு வேறெதுவும் காதில் விழவில்லை. பையர் ஒரு கலரைக் காட்டினால் அதில் ஒரு துண்டு வெட்டி எடு, அதுதான் ஸ்வாட்ச், அதுதான் எங்கள் தொழில். அவர் கை தானாகச் சட்டைப் பைக்குப் போனது. குனிந்தார். கரையில்லாத முனையில் ஒரு துண்டு வெட்டி எடுத்து, "மேடம், ஸ்வாட்ச்," என்று நீட்டினார்.

கடையே திரும்பிப் பார்த்தது. பிறகு மாப்பிள்ளையின் அம்மா வாயைத் திறந்தார்.

"ஐயையோ! இன்னாய்யா பண்ணிட்ட! என் புள்ள முகூர்த்தப் பொடவைய்யா அது! அதுல போயி கத்திரி வெச்சிட்டியே!"

அப்போதுதான் முதலாளிக்குத் தன் கையில் இருப்பது என்னவென்று தெரிந்தது. அவரும் இரண்டு பெண்களைக் கட்டிக்கொடுத்தவர். முகம் வெளுத்துவிட்டது. அப்படியே விரிப்பில் மண்டிபோட்டுக் கையெடுத்துக் கும்பிட்டார்.

"மன்னிச்சுக்கோங்க தாயி. பழக்க தோசமுங்க. கை சும்மா இருக்க மாட்டீங்குது. இந்தச் சேலைய நானே எடுத்துக்கறனுங்க. புள்ளைக்கு எது வேணுமோ எடுங்க, அது என்ற பொறுப்பு."

"இந்தச் செவப்புல இது ஒண்ணுதான்யா இருந்திச்சு! எங்க வூட்டு மருமவளுங்க எல்லாம் செவப்புதான்யா கட்டுவாங்க!"

மேடத்துக்கு ஒன்றும் புரியவில்லை. ஏன் சத்தம் என்று கைடிடம் கேட்டார். எதற்கும் விளக்கம் வைத்திருக்கிற வரதன் ஒரு நொடி தடுமாறினார். பிறகு நிதானமாக, "இட் ஈஸ் எ திருப்பூர் கஸ்டம், மேடம்," என்று சொல்லி அவரை வெளியே அழைத்துப் போனார். அந்த ஒரு வார்த்தைக்காக அவர் காலில் விழலாம் என்று இருந்தது எனக்கு.

அப்போது யாரோ என் துப்பட்டாவை இழுத்தார்கள். கல்யாணப் பெண். கல்பனா என்று பெயர்.

"அக்கா, எங்க அத்தை திட்டி முடிச்சதும் அந்த சாருக்கு தேங்க்ஸ் சொல்லிடுங்க. எனக்கு அந்தக் கலர் சுத்தமா புடிக்கல. செவப்புதான்னு அவங்க சொன்னதுலேருந்து நாலு நாளா அழுதுன்னு இருக்கேன். சொன்னா யாரு கேக்கறா?"

"உனக்கு எது பிடிச்சிருக்கு?"

கண்ணாலேயே காட்டினாள். அலமாரியில் ஒரு மயில்கழுத்துப் பச்சை.

மேசை போட்டுப் பேரம் பேசுகிற தொழிலில் இருப்பவளுக்கு இதைவிட என்ன வேண்டும்? எழுந்து நின்று உரக்கச் சொன்னேன். "அம்மா, கத்திரி பட்டது பட்டதுதான். கல்யாணத்துக்கு முன்னாடியே பட்டது நல்லதாப் போச்சு. மணவறைல வெச்சுக் கிழிஞ்சிருந்தா என்ன ஆகியிருக்கும்? அந்தப் பச்சையை எடுங்க, பொண்ணு நிறத்துக்கு எடுப்பா இருக்கும்."

அந்த அம்மாள் யோசித்தார். முதலாளி இன்னும் மண்டிபோட்டபடியே இருந்தார். கடைக்காரர் பச்சையை எடுத்துப் பெண்ணின் தோளில் போட்டார். அவள் முகத்தைப் பார்த்த பிறகு மாமியார்களின் மாமியார்கூட வேண்டாம் என்று சொல்லியிருக்க மாட்டார்.

4. பெயர் வைத்த கதை

உர்சுலா மேடம் கடை வாசலில் வெயிலில் நின்று ஸ்வாட்சைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். பட்டின் பளபளப்பு பருத்தியில் வராது என்று சொன்னேன். ஷேடு வந்தால் போதும் என்றார். டீ நேரம்கூட ஆகவில்லை, அவரே என்னிடம் அட்டை கேட்டு வாங்கி, துண்டில் பாதியை ஒட்டி அப்ரூவ்டு என்று கையெழுத்துப் போட்டார். அந்த நேரம் பச்சைச் சேலைப் பெட்டியோடு கல்பனா வாயெல்லாம் பல்லாக வெளியே வந்தாள். மேடம் அவளையும் ஸ்வாட்சையும் மாறி மாறிப் பார்த்துவிட்டு, பெண்ணின் பெயர் என்ன என்று கேட்டார். கையெழுத்துக்குக் கீழே "கல்பனா ரெட்" என்று எழுதினார்.

திரும்பி வரும்போது முதலாளி வேனிலிருந்தே கம்பெனிக்குப் போன் போட்டார். "கலர் ஆயிருச்சுன்னு சொல்லு. டெய்லர் ஒருத்தரையும் அனுப்பிராத. எல்லாரையும் நிக்கச் சொல்லு," என்றார். போனை வைத்தார். ஜன்னல் பக்கம் திரும்பிக்கொண்டார். எனக்கும் கண்ணீர் நிற்கவில்லை. பிறகுதான் கல்பனா சொன்னதை அவரிடம் சொன்னேன்.

"அந்தப் புள்ளைய நாலு நாளா அழ வெச்ச கலரா அம்மிணி இது?"

"ஆமாண்ணா."

"மேடத்துக்குத் தெரியுமா?"

"தெரியாதுண்ணா."

"அப்படியே இருக்கட்டும். நாம எதுக்கு அதைக் கெளறோணும்?" என்று சொல்லிவிட்டு, தான் காசு கொடுத்து எடுத்த கத்திரி பட்ட சேலை டப்பாவை மடியில் வைத்துக்கொண்டு தூங்கிப்போனார்.

பிள்ளைகளுக்கு நான் சொல்வது இதுதான். வார்த்தையைச் சாயத்தொட்டியில் போட முடியாது. பையர் ஹேப்பி என்றால், எது ஹேப்பி என்று ஒரு பொருளைக் காட்டச் சொல்லுங்கள். பழமோ, பொம்மையோ, பழைய சட்டையோ, எதுவானாலும் சரி. கேட்பதில் ஒரு கௌரவமும் குறையாது.

கல்பனா ரெட் எங்கள் கம்பெனியில் பல சீசன் ஓடியது. ஜெர்மனியில் எத்தனையோ குழந்தைகள் அதைப் போட்டுக்கொண்டு தூங்கியிருக்கும். அது, அந்தக் கலரிலிருந்து தப்பித்த பெண்ணின் பெயர் என்று உர்சுலா மேடத்திடம் இன்றுவரை நான் சொல்லவில்லை.