வெட்டிய நாலு நிமிடம்

தயாரிப்பாளர் அம்மாள் தொழிலை மூட்டை கட்டிவிட்டாராம், சொந்தத் தம்பியோடு கோர்ட்டுக்குப் போகிறாராம் என்று டப்பிங் கூடத்தில் பேச்சு. மேக்கப்காரர் ஒலிப்பதிவாளரிடம் சொல்லி, அவர் எடிட்டரிடம் சொல்ல, எடிட்டர் நேரே அம்மாளிடமே வந்து கேட்டுவிட்டார்.

"கோர்ட்டா? அவன் பேசினாத்தானேப்பா சண்டையே போட முடியும்!"

இருபத்தாறு வருடமாகத் தனி ஆளாக ஆவணப்படம் எடுப்பவர். நிறுவனம் என்பது ஓர் அறை, இரண்டு நாற்காலி, சம்மதப் படிவங்கள் பிதுங்கும் ஓர் அலமாரி. கேமரா முன்னால் தும்மியவரிடம்கூடக் கையெழுத்து வாங்காமல் விடமாட்டார். தொழிலில் அவருக்குப் பெயரே 'கையெழுத்து அக்கா'தான். அப்படிப்பட்டவர், கூடப் பிறந்தவனிடம் போய்க் காகிதத்தை நீட்டுவதா என்று தம்பியை மட்டும் விட்டுவிட்டார்.

இப்போது எடுத்திருந்தது பஸ் ஓட்டுநர்களைப் பற்றிய தொலைக்காட்சிப் படம். தம்பியும் ஓட்டுநர். மனைவி இறந்த மூன்றாம் மாதம் ஒரு காலையில், பழக்கதோஷத்தில் இரண்டு கோப்பையில் டீ ஊற்றியவர், ஒன்றைத் திரும்பப் பாத்திரத்திலேயே கவிழ்த்தார். கேமராவுக்குப் பின்னால் நின்ற அக்காவுக்கு, சொல்லவே கூசுகிறது, நல்ல காட்சி கிடைத்தது என்றுதான் முதலில் தோன்றியது.

போட்டுக் காட்டியபோது தம்பி பாதியில் எழுந்தார்.

"உன்னைத்தான் வீட்டுக்குள்ள விட்டேன். ஊரையா விட்டேன்?"

அதோடு நாலு மாதம் பேச்சில்லை. வெள்ளிக்கிழமைக்குள் தம்பியின் கையெழுத்து வராவிட்டால் படமே ஒளிபரப்பாகாது என்று தொலைக்காட்சிக்காரர்கள் கறாராகச் சொல்லிவிட்டார்கள்.

"நான் வேணா அவர்கிட்ட பேசிப் பாக்கவாக்கா?" என்றார் எடிட்டர்.

"வேண்டாம். அவன் வர்றதெல்லாம் வெட்டிடு."

"நாலு நிமிஷம்க்கா. படத்தோட உசிரே அதுதான்."

"உசிரு அவனோடது. வெட்டு."

வெட்டி முடித்து எடிட்டர் கிளம்பினார். அறையில் மின்விசிறிச் சத்தம் மட்டும். அக்கா போனில் தம்பிக்குச் செய்தி தட்டினார்: 'எடுத்துட்டேன்.' அனுப்பாமலே அழித்தார். நன்றி கேட்பதுபோல இருந்தது.

பிறகு எண்ணை அழுத்தினார். இன்று கேட்டு வாங்க ஒன்றுமில்லை, சாப்பிட்டாயா என்று மட்டும் கேட்கலாம். ஆனால் அங்கே போன் திரையில் அக்காவின் பெயரைப் பார்ப்பவனுக்கு அது எப்படித் தெரியும்? கையெழுத்துக்குத்தான் கூப்பிடுகிறாள் என்றுதானே நினைப்பான்.

ஐந்தாவது மணி போனது. ஆறாவது. அவர் காதிலிருந்து போனை எடுக்கவில்லை.