லா சப்பலில் நட்ட தடிகள்

2014 அக்டோபர், சனிக்கிழமை. காலை 9.40.

எபினே-சூர்-செய்ன் ரயில் நிலையத்தில் நான் நின்றது ஊர் சுற்றிப் பார்க்க அல்ல, சண்டை போட. பாரிஸுக்கு வந்து மூன்று நாளாகியும் நான் ஈபிள் கோபுரத்தின் பக்கமே போகவில்லை என்று தங்கைக்கு வருத்தம். அவள் கணவர் புதுச்சேரிக்காரர். இங்கே தபால் துறையில் இருந்து ஓய்வு பெற்றவர். நடைமேடை வரை வந்து சீட்டை என் கையில் வைத்து, "அக்கா, பிய்யேவைப் பைக்குள்ள போட்டுறாதீங்க, டிக்கெட் பாக்கிற கோந்த்ரோலர் ஏறினா உடனே காட்டணும்" என்றார். என் பையில் அதற்கு இடமும் இல்லை. 212 பக்கம் கையெழுத்துப் பிரதி அதை அடைத்துக்கொண்டிருந்தது.

கோவில்பட்டியில் ஒரு கல்லூரியில் இருபத்தெட்டு வருடமாக அமெரிக்க இலக்கியம் நடத்துகிறேன். அமெரிக்காவை நான் பார்த்ததில்லை. இந்த நான்கு வருடமாக அங்குள்ள தென்மாநில எழுத்தாளர் ஒருவரின் ஏழு கதைகளைத் தமிழாக்கிக்கொண்டிருந்தேன். ஆறு கதைகள் பருத்திக்காட்டில் நடப்பவை. ஒன்று மட்டும் கடலோரச் சதுப்பில் நடக்கிறது. பருத்தி எடுக்கிறவள் வெயிலைத் திட்டுகிற திட்டு எனக்கு எங்கள் கரிசல் பேச்சில்தான் காதில் விழுந்தது, அப்படியே எழுதினேன். சென்னையில் இரண்டு பதிப்பகங்கள் பாராட்டின, பொதுத் தமிழில் மாற்றிக் கொடுக்கச் சொல்லித் திருப்பியும் அனுப்பின. மூன்றாவதாக, பாரிஸில் தமிழர் கடைத்தெருவான லா சப்பலில் தொலைபேசிக் கடை வைத்துக்கொண்டு வருடத்துக்கு இரண்டு புத்தகம் போடும் தயாபரன் என்ற யாழ்ப்பாணத்துக்காரர், தானே அச்சிடுவதாக எழுதினார். குதித்தேன். அடுத்த கடிதத்தில் அவரும் பொதுத் தமிழ் கேட்டார். அவர் கைவிட்டால் எனக்கு வேறு ஆள் கிடையாது. நாலு வருட உழைப்பு அலமாரிக்குத்தான் போகும்.

காலை 10.15.

எபினேயிலிருந்து கார் து நோர் நிலையத்துக்குச் சுமார் பத்து கிலோமீட்டர். ரயிலில் கால் மணி நேரம்கூட ஆகவில்லை. அங்கிருந்து நடந்தே லா சப்பல் போய்விடலாம். மேலே இரும்புப் பாலத்தில் இரண்டாம் எண் மெத்ரோ ஓடுகிறது. கீழே நகைக்கடை, சேலைக்கடை, முருங்கைக்காயும் பனங்கிழங்கும் அடுக்கிய பலசரக்குக் கடை. மரக்கறி ரோல்ஸ் ஒரு யூரோ, பால் தேநீர் ஒன்றரை யூரோ. ரோல்ஸ் இரண்டு தின்றேன். வெறும் வயிற்றோடு வாதம் செய்தால் எனக்குக் குரல் நடுங்கும்.

தொலைபேசிக் கடையில் உட்கார்ந்திருந்த தயாபரனுக்கு ஐம்பது வயதிருக்கும். மரியாதையான மனிதர், அதனால்தான் எரிச்சல் இன்னும் கூடியது. இரண்டு வாடிக்கையாளருக்கு நடுவே ஒரு வாக்கியம் என்று பேசினார். தன் வாசகர்களுக்குக் கரிசல் பேச்சு விளங்காது, அமெரிக்க இலக்கியம் என்று அட்டையில் போட்டுவிட்டு உள்ளே கோவில்பட்டியை வைத்தால் ஆட்கள் ஏமாந்துபோவார்கள் என்றார்.

எனக்குச் சுர்ரென்று ஏறியது. வகுப்பில் பேசுவதுபோல் அங்கேயே ஆரம்பித்துவிட்டேன். அமெரிக்கா என்று ஓர் ஊரே கிடையாது, அந்த ஊரிலிருந்து யாரும் கதை எழுதியதும் இல்லை என்றேன். வடகிழக்கில் பனி, கல்லைப் பொறுக்கிச் சுவர் வைத்தால்தான் உழ முடியும், அங்கே கதைகளிலும் ஆட்கள் வாயை எண்ணித்தான் திறப்பார்கள். நடுவில் கண்ணுக்கெட்டியவரை புல்வெளி. அங்கே தனிமையே ஒரு பாத்திரம். மேற்கில் தண்ணீருக்கு அடிதடி. தெற்கில் பருத்தி, அடிமைத்தனம், தோற்ற போர், முடியாத வெக்கை. அங்கே வாக்கியமும் லேசில் முடியாது. நிலத்தை எடுத்துவிட்டால் அந்த இலக்கியத்தில் மிஞ்சுவது அட்டை மட்டும்தான். அவரவர் மாவட்டத்துப் பேச்சில் எழுதியவர்களை அங்கேயும் பட்டிக்காட்டான் என்றுதான் முதலில் சொன்னார்கள். அவர்கள் மாற்றிக்கொள்ளவில்லை. நான் மட்டும் எதற்கு மாற்ற வேண்டும்?

சிம் அட்டை வாங்க வந்த ஒருவர் வாயைப் பிளந்து கேட்டுக்கொண்டிருந்தார்.

தயாபரன் அவருக்குச் சில்லறை கொடுத்து அனுப்பிவிட்டுச் சொன்னார்: "ரீச்சர், நாங்கள் செவ்ரானிலை இருக்கிறம். என்ரை மகள் தமிழிலை கேட்டாலும் பிரெஞ்சிலைதான் பதில் சொல்லுறாள். அவளுக்கு ஒரு தமிழே பாரம். நீங்கள் எத்தினை தமிழைக் கொண்டாறீங்கள்?"

இது வெறும் வியாபாரப் பேச்சில்லை, அவருடைய வலி என்று எனக்குப் புரிந்தது. அதற்காக விட்டுவிடவும் மனமில்லை. "உங்க மக பேசுறது எந்தப் பிரெஞ்சுங்க? செவ்ரான் மாதிரிப் புறநகர்ப் பிள்ளைங்க தெருவுல பேசுற பிரெஞ்சுதானே? அதை யாராவது பொதுப் பிரெஞ்சா மாத்தச் சொன்னா அவ கேப்பாளா?" என்றேன்.

அவர் சிரித்துவிட்டார். பிறகு ஓர் ஏற்பாடு சொன்னார். மூன்று மணிக்கு அடுத்த தெருவிலுள்ள உணவகத்தில் அவருடைய வாசகர் வட்டம் கூடும். நான் அவர்களுக்கு வாசித்துக் காட்ட வேண்டும். விளங்கியது என்று அவர்கள் சொன்னால் ஒரு சொல்லும் மாற்றாமல் அச்சடிப்பார். இல்லையென்றால் பொதுத் தமிழ். கையடித்துக்கொண்டோம்.

பிற்பகல் 3.00.

லா சப்பல் உணவகங்களில் மதியச் சாப்பாடு மூன்றுக்கு முடியும், இரவு வேலை ஆறரைக்குத் தொடங்கும். இடையிலுள்ள அந்த நேரத்தில்தான் இங்கே சங்கக் கூட்டம், சீட்டு, கல்யாணப் பேச்சு எல்லாம் நடக்கிறது. எங்களுக்குச் சமையலறை வாசலை ஒட்டிய மேசையைத் தந்திருந்தார்கள். தயாபரனைச் சேர்த்து ஏழு பேர். உள்ளே சமையல்காரர் கணவாய் மீன் சுத்தம் செய்யும் சத்தம் கேட்டுக்கொண்டே இருந்தது.

முதலில் ஒரு பருத்திக் கதையை வாசித்தேன். நாலைந்து சொல்லுக்கு ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். பிறகு பார்க்கவில்லை. முதலாளியின் கணக்கப்பிள்ளையை பருத்தி எடுக்கிற பெண் வைகிற இடத்தில் ஒருவர் மேசையைத் தட்டிச் சிரித்தார். விளங்குதோ என்று தயாபரன் கேட்டார். ஓம், ஓம் என்றார்கள். பாதிக் கிணறு தாண்டிவிட்ட தெம்பில் சதுப்புக் கதையை எடுத்தேன்.

அதில் ஒரு கிழவன் தண்ணீர் ஓரத்தில் வரிசையாகக் குச்சி நட்டு வைத்திருக்கிறான். இரவில் அவன் மச்சான் வந்து அத்தனையையும் பிடுங்கி எறிகிறான். காலையில் கிழவன் வந்து பார்க்கிறான். மூலத்தில் குச்சியைப் பற்றி அவ்வளவுதான், அது எதற்கு என்று ஆசிரியர் சொல்லவில்லை. எனக்கு யாரும் சொல்ல வேண்டியதாகவும் இருக்கவில்லை. எங்கள் பக்கம் ஒருவன் அடுத்தவன் நட்ட குச்சியைப் பிடுங்கினால் அது எல்லைத் தகராறு, அடுத்தது அரிவாள். ஆகவே வேலி என்றே எழுதி, சொந்தக்காரர்களுக்குள் நடக்கும் சொத்துச் சண்டை என்று எட்டு வரியில் ஓர் அடிக்குறிப்பும் சேர்த்திருந்தேன். அதையும் நல்ல கம்பீரமாகவே வாசித்தேன்.

கணவாய்ச் சத்தம் நின்றது. சமையல்காரர் கையைத் துடைத்தபடி வாசலுக்கு வந்தார். யோகன் என்று பெயர், யாழ்ப்பாணத்தை ஒட்டிய மண்டைதீவுக்காரர் என்று பிறகு தெரிந்தது. வெளியே வரத் தயங்கி, ஆனால் பேசத் தயங்காமல் கேட்டார்.

"குறை நினைக்காதேங்கோ ரீச்சர். அது வேலியில்லை. சிறகுவலைக்கு நட்ட தடி. முழங்கால் தண்ணிக்கை தடி நட்டு வலையைக் கட்டிவிட்டால் மீன் அதோடை போய்க் கூட்டுக்கை விழும். ராவோடை தடியைப் புடுங்கினால் அந்த வீட்டிலை அடுப்பு எரியாது. மச்சான் காணிக்கு வரேல்லை, அந்தாளைப் பட்டினி போட வந்திருக்கிறான்."

நான் மூலப் புத்தகத்தைப் பையிலிருந்து எடுத்துப் புரட்டினேன். கிழவன் தண்ணீர் வற்றும் நேரம் பார்த்து இறங்குகிறான். மனைவி வெறும் கூடையைக் கவிழ்த்து வைக்கிறாள். இருபத்தெட்டு வருடப் பாடம் நடத்தியவளின் கண்ணில் கூடை படவில்லை. தண்ணீரே இல்லாத ஊர்க்காரி அத்தனை தண்ணீரையும் வயற்காடாக்கி வைத்திருக்கிறேன். வெட்கம் பிடுங்கித் தின்றது. காலையில் கடையில் அவ்வளவு பேசியவள் நான்தான்.

தயாபரன் குத்திக்காட்டவில்லை, ஆனால் விடவும் இல்லை. இதற்குத்தான் பொதுத் தமிழ் கேட்டேன் என்றார், அமைதியாக.

அவருக்குப் பதில் சொன்னது நான் இல்லை. "பொதுத் தமிழிலை எழுதினாலும் பிழை பிழைதானே அண்ணை," என்றார் யோகன். "இவ தன்ரை ஊர்க் கண்ணாலை பார்த்தபடியாலை பிழை விட்டவ. ஒரு ஊர்க் கண்ணாலையும் பாக்காதவன் அந்தத் தடியையே காணமாட்டான்."

எனக்கு முதுகு நிமிர்ந்தது. பருத்திக் கதைகள் ஆறும் கரிசல் பேச்சிலேயே இருக்கும் என்றேன். சதுப்புக் கதையை நான் திரும்ப எழுதுவேன், ஆனால் என் பேச்சில் இல்லை. யோகன் சொல்லச் சொல்ல, மண்டைதீவுப் பேச்சில். அந்தக் கிழவனும் பருத்திக்காட்டுக்காரர்களும் ஒரே மாநிலத்தில் இருந்தும் ஒரே மாதிரிப் பேசுகிறவர்கள் இல்லை, மூலத்திலும் இரண்டும் வேறுவேறுதான். நான்தான் எல்லார் வாயிலும் கோவில்பட்டியைத் திணித்தேன். எனக்குச் சென்னை செய்யப் பார்த்ததை நான் அந்தக் கிழவனுக்குச் செய்திருக்கிறேன். அடிக்குறிப்பும் கிடையாது, பின்னால் சொற்பட்டியலும் கிடையாது.

தயாபரன், ஒரு புத்தகத்தில் இரண்டு ஊர்ப் பேச்சைப் போட்டால் தன்னால் விற்க ஏலாது, மன்னிக்க வேண்டும் என்றார். பேச்சு அப்படியே அச்சாகும் என்று கையடித்தவர்தான். ஆனால் வேலியை வைத்து வாசித்தவள் நான், ஒப்பந்தம் பேச எனக்கும் முகமில்லை. அப்படின்னா நீங்க போட வேண்டாம் சார் என்றேன். சொன்ன பிறகுதான் பயம் வந்தது. ஆனாலும் திரும்ப எடுத்துக்கொள்ளவில்லை.

ஆறரை வரை யோகன் வெங்காயம் வெட்டிக்கொண்டே சொன்னார், நான் மூலத்தை வரிவரியாகத் தமிழில் சொல்லிக் கேட்டு எழுதினேன். ஒரே சேறு என்று நான் நினைத்ததில் அவருக்கு நாலு வகை இருந்தது. காற்று எந்தப் பக்கமிருந்து வந்தால் எந்த மீன் வரும் என்பதை அவர் இருபது வருடம் இந்தத் தெருவில் கணவாய் வெட்டியும் மறக்கவில்லை.

ஞாயிற்றுக்கிழமை. பிற்பகல் 3.10.

தங்கை கோபுரத்துக்கு என்று எடுத்து வைத்திருந்த நாளையும் நான் லா சப்பலுக்கே கொடுத்தேன். மறுநாள் காலை எனக்கு விமானம். எங்கள் ஊரில் இந்நேரம் வெடித்த கரிசல் மண் மழைக்கு வாய் திறந்து கிடக்கும். அந்த மண்ணை வைத்து உலகம் பூராவையும் வாசித்துவிடலாம் என்ற திமிர் எனக்கு இத்தனை நாள் இருந்திருக்கிறது. மண்ணை நான் விடப்போவதில்லை, திமிரைத்தான் விட்டேன். அச்சுக்குச் சிவகாசியில் நானே கொடுப்பதாக இரவே முடிவு செய்துவிட்டேன். முந்நூறு பிரதி, என் சம்பளத்தில். விற்காவிட்டால் கட்டிலுக்கு அடியில் கிடக்கட்டும்.

அதே மேசையில் யோகன் மட்டும் இருந்தார். தயாபரன் வாசல் பக்கம் வந்து, உட்காராமல், நிலையில் சாய்ந்து நின்றார். நான் திருத்திய நாலு பக்கத்தை வாசித்தேன். யோகன் பதினோரு இடத்தில் நிறுத்தினார். அந்தப் பதினொன்றையும் அங்கேயே மாற்றினேன். கிழவன் காலையில் வந்து வெறும் தண்ணீரைப் பார்க்கும் இடத்தில் நாலு பக்கமும் முடிந்தது. அந்த இடத்தில் அவர் நிறுத்தவில்லை.

மீதியை ஊருக்குப் போய் எழுதி அனுப்புகிறேன், தொலைபேசியில் வாசிக்கிறேன், சிவகாசியில் நானே அச்சடிக்கிறேன் என்றேன்.

"அது கிடக்கட்டும்," என்றார். "கடைசியிலை அந்தாள் என்ன செய்யுறான்? ஊரை விட்டுப் போறானோ?"

"இல்லைங்க. அடுத்த வத்துத் தண்ணிக்கு இறங்கி, திரும்ப நடுறான். அதே இடத்துல."

"எல்லாத் தடியையுமோ?"

"எல்லாத்தையும்."

யோகன் எழுந்து ஏப்ரனைக் கட்டிக்கொண்டார். "அப்ப அடியுங்கோ ரீச்சர்," என்றார். "எனக்கு அஞ்சு புத்தகம் வேணும்."

வாசலில் நின்ற தயாபரன், போகும்போது திரும்பாமலே சொன்னார்: "எனக்கு ஒண்டு. மகளுக்கு."