கொழுந்தன் தூதரகத்தில், நான் வாசலில்

வீட்டில் ஒருவன் தூதரக அதிகாரி ஆனால் பதவி அவனுக்கு, மனு வாங்குகிற வேலை அவன் அண்ணிக்கு. உங்கள் வீட்டிலும் ஒரு கலெக்டரோ டாக்டரோ இருந்து, நீங்களும் அடுப்பில் பாலை வைத்துவிட்டு வாசலுக்கும் உள்ளுக்கும் நடந்திருந்தால், நான் சொல்வது விளங்கும். எனக்கு இந்த உத்தியோகம் பதினோரு வருஷம்.

சரக்கு இல்லாத பயணம்

எங்கள் குடும்பம் கத்தியவாரிலிருந்து மதுரைக்கு வந்து மூன்று தலைமுறை. விளக்குத்தூண் பக்கம் மொத்த ஜவுளி. ஊருக்கு நாங்கள் சேட்டு வீடு. உள்ளே குஜராத்தி, வாசல்படி தாண்டினால் மதுரைத் தமிழ். கொழுந்தன் கிரீஷ் பரீட்சை எழுதி வெளியுறவு வேலைக்குத் தேர்வானபோது தெருவே மாலையோடு வந்தது. என் மாமனார் மட்டும் கடையை விட்டு எழுந்து வரவில்லை.

அவன் முதல் ஊருக்குப் புறப்பட்ட அன்று, அங்கே என்ன விற்கப்போகிறாய் என்று கேட்டார். ஒன்றும் விற்கமாட்டேன், தேசத்துக்காகப் பேசுவேன் என்றான் இவன். மாமனார் என் பக்கம் திரும்பினார். “சரக்கு இல்லாம வாயை மட்டும் கப்பல் ஏத்துறான். திரும்பி வர்றப்ப அதாவது மிஞ்சுதான்னு பார்ப்போம்.”

திருநகர் வாத்தியார்

கிரீஷை வளைகுடாவுக்கு மாற்றியதும் என் வாசல் நிறைந்துவிட்டது. திருநகரிலிருந்து ஓய்வு பெற்ற வாத்தியார் ஒருவர் மருமகனுக்கு விசா கேட்டு வந்தார். விசா கொடுப்பது அந்த நாட்டுக்காரன், நம் தூதரகம் அங்கே இருக்கிற நம் ஆட்களைப் பார்த்துக்கொள்ளும், அவ்வளவுதான் என்று மூன்று விதமாக விளக்கினேன். ஒவ்வொரு விளக்கத்துக்கும் தலையாட்டினார். இரண்டாவது காப்பியையும் குடித்து முடித்தார். எழுந்திருக்கும்போது சொன்னார்: “எல்லாம் புரியுதும்மா. அந்த நாட்டுக்காரன்ட்டச் சொல்லச் சொல்லி, உங்க கொழுந்தன்ட்ட நீங்க ஒரு வார்த்தை சொல்லிருங்க.”

பேச்சி கொண்டுவந்த கடிதம்

பேச்சி கொட்டாம்பட்டிப் பக்கம். புருஷன் கருப்பையா வளைகுடாவில் கட்டட வேலைக்குப் போய் இரண்டு வருஷம். மூன்று மாதமாகக் கடிதம் இல்லை. இப்போது இங்கிலீஷில் ஒரு கடிதம் வந்திருக்கிறது, படிக்க ஆள் இல்லை என்று, கருப்பையாவின் அண்ணனைக் கூட்டிக்கொண்டு வந்தாள். உருளைக்கிழங்கு கருகிக்கொண்டிருந்தது. நான் கான்வெண்ட்டில் பாடம் ஒப்பிப்பதுபோல நின்றபடியே படித்து, அதே மூச்சில் தமிழிலும் சொல்லிவிட்டேன். சாரம் சரிந்து கருப்பையா இறந்துவிட்டார். உடலை அங்கேயே புதைக்கச் சம்மதம் என்று மனைவி கையெழுத்துப் போட வேண்டும். சொல்லி முடித்த பிறகுதான் அவளை உட்காரச் சொல்லவில்லை என்பது எனக்கு உறைத்தது.

பத்து நாள் கழித்து இருவரும் திரும்ப வந்தார்கள். பேச்சியின் கழுத்தில் தாலி அப்படியே இருந்தது. காரியம் செய்ய விடமாட்டேன் என்கிறாள், ஊர் ஏசுகிறது, சொந்தக்காரர்கள் வீட்டில் கை நனைப்பதில்லை, வயசுக்கு வந்த என் மகளைப் பெண் கேட்டவர்களும் பின்வாங்குகிறார்கள் என்று அண்ணன்காரர் என்னிடம் முறையிட்டார். அவர் பொல்லாதவர் இல்லை, முகமே கறுத்துப்போயிருந்தது. உடல் வருவதென்றால் மாதக்கணக்காகும். எனக்கும் அவர் சொல்வதுதான் சரியென்று பட்டது. பேனாவைத் திறந்து பேச்சியிடம் நீட்டினேன், கையெழுத்துப் போடு, இனி என்ன இருக்கிறது என்றேன். அவள் பேனாவைத் தொடவில்லை. “மூஞ்சியப் பாக்காம கயித்த எப்படிம்மா அறுக்க? நீங்கன்னா அறுப்பீகளா, சேட்டம்மா?”

சுண்டுவிரல்

பேனாவை மூடி வைத்தேன். அவள் அப்படிக் கேட்ட கோபத்திலேயே கிரீஷுக்கு ட்ரங்க் கால் போட்டேன். அந்தத் தாளில் தூதரகத்தின் தரப்பில் கையெழுத்திட வேண்டியவனே அவன்தானாம். கம்பெனிக்காரர்கள் தினம் வந்து அவசரப்படுத்துகிறார்களாம். அடையாளம் ஏதாவது கேட்டுச் சொல்லுங்கள் பாபி என்றான்; எங்கள் வீட்டில் அண்ணியை அப்படித்தான் கூப்பிடுவது. கதிர் அறுப்பில் அரிவாள் பட்டு இடது சுண்டுவிரல் பாதிதான் என்றாள் பேச்சி. தந்தி அடித்தேன்.

ஆறு நாள் கழித்து கிரீஷே கூப்பிட்டான். சவக்கிடங்குக்கு நேரில் போய், பிணப்பெட்டியைத் திறக்கச் சொல்லித் துணியை விலக்கிப் பார்த்திருக்கிறான். அந்த மனிதருக்குப் பத்து விரலும் முழுசாக இருந்தன. ஆட்களின் பாஸ்போர்ட்டுகளையெல்லாம் காண்டிராக்டர் வாங்கி ஒரே அலமாரியில் பூட்டி வைப்பது அங்கே வழக்கமாம். செத்தவருக்கென்று கைக்கு வந்த ஒன்றை எடுத்து நீட்டியிருக்கிறார்கள்; அது கருப்பையாவுடையது. கருப்பையா பாலைவனத்துக்குள் வேறொரு முகாமில், தபால் போகாத இடத்தில், உயிரோடு இருக்கிறார். கிரீஷே போய்ப் பேசி, விரலையும் பார்த்துவிட்டு வந்திருக்கிறான்.

பெரிய அதிகாரி நீ, பிணத்தைப் போய்ப் பார்க்க வேண்டுமென்று எப்படித் தோன்றியது என்றேன். கரகரப்புக்கு நடுவில் அவன் குரல் கேட்டது: “வந்த துணி பேலைப் பிரிச்சுப் பார்க்காம அப்பா என்னிக்காவது ரசீதுல கையெழுத்துப் போட்டிருக்காரா, பாபி?”

அந்தப் பெட்டி

ஆள் அனுப்பிப் பேச்சியை வரவழைத்தேன். இந்த முறை முதலில் உட்கார வைத்தேன். அடுப்பையும் அணைத்துவிட்டு வந்து சொன்னேன். அண்ணன்காரர் அழகர்கோவில் திசையைப் பார்த்துத் தரையில் விழுந்து கும்பிட்டார். எழுந்து தம்பி பெண்டாட்டியைப் பார்க்க முடியாமல் சுவரைப் பார்த்துக்கொண்டு நின்றார். நானும் பார்க்கவில்லை. பேனாவை நீட்டியவள்தானே நானும்.

பேச்சி அழவில்லை. சொம்புத் தண்ணீரை ஒரே மூச்சில் குடித்தாள். முந்தானையால் வாயைத் துடைத்தாள். கருப்பையாவைப் பற்றி ஏதாவது கேட்பாள், எப்போது வருவார் என்பாள் என்று பதிலைத் தயாராக வைத்திருந்தேன். அவள் சொம்பைத் தரையில் வைத்துவிட்டுக் கேட்டாள்: “அப்ப அந்தப் பொட்டிக்குள்ள இருக்கது யாரு வீட்டுக்காரரும்மா? அந்தப் புள்ளைக்கு யாரு சொல்றது?”

அதிகாரி வீட்டு அண்ணி உத்தியோகம் என்பது, ஒரு வீட்டுக்கு நல்ல சேதியைக் கொடுத்துவிட்டு, விலாசம் தெரியாத இன்னொரு வீட்டின் கெட்ட சேதியை மடியில் வைத்துக்கொண்டு உட்கார்ந்திருப்பதுதான்.