மண்சரிவில் போகாத தாள்

தோட்டத் தமிழரை இந்தியாவுக்குத் திருப்பி அனுப்பும் ஒப்பந்தம் வந்த காலத்தில் என் பெரியப்பா குடும்பம் அங்கே போய்விட்டது. தமிழ்நாட்டு மலை ஒன்றில், அங்கேயும் தேயிலைதான். நாங்கள் இலங்கையில், அக்கரப்பத்தனைத் தோட்டத்திலேயே தங்கிவிட்டோம். பெரியப்பா மகளை நான் நேரில் பார்த்ததே இல்லை. அக்கா, தம்பி என்று பேசிக்கொண்டதெல்லாம் வாட்ஸ்அப்பில்தான்.

ஒரு நாள் நான் பாடம் நடத்திவிட்டுப் பள்ளிக்கூடத்திலிருந்து வரும் வழியில் அவள் அழைத்தாள். மகளுக்கு நர்சிங் படிக்க இடம் கிடைக்கப் பழங்குடிச் சான்றிதழ் வேண்டுமாம். கோட்டாட்சியர் தர மறுத்துவிட்டார்.

"சிலோன்லருந்து வந்தவங்க, மலைக்குறவர்ங்கிறதுக்கு ஆதாரம் இல்லன்னு எழுதிட்டாங்க தம்பி. ஹைகோர்ட்டுல கேஸ் போட்டிருக்கோம். தாத்தா காலத்துக் காயிதத்துல சாதி எழுதியிருந்தா பலமா இருக்கும்னு வக்கீல் சொல்றாரு. அங்க ஏதாச்சும் இருக்கா?"

இருந்தது. அப்பாவின் தகரப்பெட்டியில் தாத்தாவின் கல்யாணப் பதிவுத் தாள், வெள்ளைக்கார துரை காலத்தில் தோட்டத்தில் எழுதியது. இனம் என்ற இடத்தில் மலைக்குறவன் என்று இங்கிலீஷ் எழுத்தில் தெளிவாக இருக்கும்.

"இல்லக்கா. மண்சரிவுல லயத்து வீடு புதைஞ்சப்ப எல்லாம் போயிருச்சு," என்றேன்.

சிறு வயதில் அந்தப் பெயரைச் சொல்லித்தான் என்னைத் திட்டுவார்கள். வாத்தியாரான பிறகு கொத்மலையில் பெண் பார்த்தபோது நான் வேறு சாதி சொன்னேன். அவர்கள் நம்பினார்கள். தாளைப் படம் எடுத்து அக்காவுக்கு அனுப்பினால் இங்கே ஒருவருக்கும் தெரியப்போவதில்லை. அது எனக்கே தெரியும். ஆனாலும் கை வரவில்லை.

அந்த வருட நர்சிங் சேர்க்கை முடிந்தது. பிள்ளை திருப்பூரில் பனியன் கம்பெனிக்கு வேலைக்குப் போய்விட்டாள்.

பிறகு ஒரு ஞாயிற்றுக்கிழமை. நான் சட்டைக்கு அயர்ன் போட்டுக்கொண்டிருந்தேன், மனைவி லீக்ஸ் நறுக்கிக்கொண்டிருந்தாள். அக்காவின் அழைப்பை ஸ்பீக்கரில் போட்டேன்.

"சிலோன்ல சொந்தம் இருக்குன்னு சொல்றீங்க, ஒரு காயிதம்கூடவா கெடைக்கலன்னு வக்கீல் கேட்டாரு தம்பி. லயம் மண்சரிவுல போயிருச்சு, என் தம்பி வாத்தியாரு, இருந்திருந்தா குடுக்காம இருப்பானான்னு சொல்லிட்டு வந்தேன்."

போனை வைத்ததும் மனைவி கத்தியைக் கீழே வைத்தாள்.

"மாமாவோட தகரப்பெட்டி கட்டிலுக்கு அடியிலதானங்க இருக்கு? நம்ம லயத்துக்கு எப்ப மண்சரிவு வந்துச்சு?"

அவள் கையைத் துடைத்துக்கொண்டு போய்ப் பெட்டியை இழுத்துத் திறந்தாள். தாத்தாவின் தாளில் இருந்த அந்தச் சொல்லை எழுத்துக் கூட்டி இரண்டு தடவை வாசித்தாள்.

"எங்க வீட்டுல வேற சாதி சொன்னீங்க."

"ஆமா."

"அத நா பொறுத்துக்குவேன். இதுக்காகவா அந்தப் புள்ளய பனியன் கம்பெனிக்கு அனுப்புனீங்க?"

மறுநாள் அத்தாட்சிப் பிரதி எடுக்கப் பதிவாளர் அலுவலகத்துக்குப் போனேன். அங்கிருந்த சிங்களப் பெண்ணுக்கு அந்தச் சொல் விளங்கவில்லை. மெல்லச் சொன்னேன். கேட்கவில்லை என்றாள். சத்தமாகச் சொன்னேன். எனக்குப் பின்னால் வரிசையில் என் மாணவன் ஒருவனின் அப்பா நின்றிருந்தார். "வணக்கம் சார், லீவா?" என்று எப்போதும் போலத்தான் கேட்டார். என்னால் அவர் முகத்தைப் பார்க்க முடியவில்லை.

பதிவாளர் அலுவலகத்தில் தேடி எடுத்ததாகச் சொல்லிப் பிரதியை அக்காவுக்கு அனுப்பினேன். கோர்ட்டு, கோட்டாட்சியரின் மறுப்பை ரத்து செய்து, திரும்பவும் விசாரிக்கச் சொன்னது. சான்றிதழ் வந்தது. இரண்டு வருடம் பிந்தி, தன்னைவிடச் சின்னப் பிள்ளைகளோடு அக்கா மகள் நர்சிங் சேர்ந்தாள்.

சேர்ந்த அன்று அவளே பேசினாள். "மாமா, நீங்க அலைஞ்சு எடுத்து அனுப்புனதாலதான் கெடைச்சுது. அம்மா எல்லார்கிட்டயும் சொல்லிக்கிட்டு இருக்காங்க."

மனைவி பக்கத்தில்தான் இருந்தாள். நான் உண்மையைச் சொல்வேன் என்று என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தாள்.

"நல்லா படிம்மா," என்றேன். பிறகு, "அங்க மழையா?" என்று கேட்டேன்.