காலில் ஒன்பது அடுக்குப் பால்

போன வாரம் அம்பாங்கானில் ஒரு மருந்துக்கடைக்குப் போயிருந்தேன். வாங்கப் போனது இருமல் மருந்து. அவர்கள் விற்கப் பார்த்தது தழும்பு மறைக்கும் கிரீம்!

அரைக்கால் சிலுவார் போட்டுக்கொண்டு போனது என் தப்பு. கல்லாவில் நின்ற பெண் என் இடது கெண்டைக்காலைப் பார்த்துவிட்டாள்.

"அங்கிள், இவ்ளோ பெரிய தழும்பா? இந்த கிரீம் புதுசு லா. ரெண்டு மாசம் போட்டா, அங்க ஒன்னு இருந்துச்சுன்னே யாருக்கும் தெரியாது."

"எனக்குத் தெரியணுமேம்மா" என்றேன்.

பாவம், அவளுக்கு விளங்கவில்லை. கிழவனுக்குக் கொஞ்சம் மறை கழண்டிருக்கிறது என்று நினைத்திருப்பாள். இருமல் மருந்தை மட்டும் வாங்கிக்கொண்டு வந்துவிட்டேன். ஆனால் அன்று முழுக்க மனசு அந்தக் காலையே சுற்றிச் சுற்றி வந்தது. இத்தனை வருடமாக இந்தப் பத்தியில் எதையெதையோ எழுதிக் கிழித்திருக்கிறேன்... இதை எழுதவில்லையே! யாருக்கு நன்றி சொல்ல வேண்டுமோ அவருக்குச் சொல்லாமல் என்ன எழுத்து வேண்டிக்கிடக்கிறது?

அவசரகாலம். காட்டில் ஒளிந்திருந்த கம்யூனிஸ்டுகளோடு வெள்ளைக்காரன் சண்டை போட்டுக்கொண்டிருந்தான். எங்கள் ரப்பர் தோட்டம் லிங்கிப் பக்கம். நாங்கள் குடியிருந்த லயங்களைச் சுற்றி முள்கம்பி போட்டுவிட்டார்கள். வேலைக்குப் போகும்போது கேட்டில் சோதனை. ஒரு பிடி சோறு மடியில் இருந்தாலும் போச்சு — காட்டில் இருக்கிறவர்களுக்குத்தான் கொண்டுபோகிறாய் என்பார்கள். காட்டுக்காரன் ஒரு பக்கம், பட்டாளத்துக்காரன் ஒரு பக்கம். நடுவில் நாங்கள் விடிந்தும் விடியாமலும் மரம் சீவப் போய்க்கொண்டிருந்தோம்.

எனக்கு அப்போது இருபத்திரண்டு வயது. கல்யாணமாகி ஆறு மாதம். என் மனைவி ராசம்மா முழுகாமல் இருந்தாள்.

மரம் சீவுவதில் எனக்குத் திமிர் அதிகம். பட்டையை மட்டும் சீவ வேண்டும். உளி ஆழமாக இறங்கிக் கட்டையைத் தொட்டால் மரத்துக்குக் காயம். காயம்பட்ட இடத்தில் பட்டை ஒழுங்காக வளராது, முண்டு முண்டாகப் புடைத்துக்கொள்ளும். வேலையை மேற்பார்க்கும் மண்டோர் வந்து அந்தக் காயத்தின் மேல் சிவப்புச் சாயத்தில் ஒரு கோடு இழுத்துவிட்டுப் போவார். என் மரங்களில் சிவப்புக் கோடே கிடையாது. அதைச் சொல்லிச் சொல்லியே தோட்டத்தில் பாதிப் பேரின் வயிற்றெரிச்சலை வாங்கிக் கட்டிக்கொண்டிருந்தேன்.

அப்பேர்ப்பட்ட நான் ஒரு நாள் என்ன செய்தேன் தெரியுமா? குந்தி உட்கார்ந்து அடிமரத்தில் வெட்டிக்கொண்டிருந்தபோது, உளியை என் பக்கமாக இழுத்த இழுப்பில் அது வழுக்கி, என் காலையே சீவிவிட்டது! நாலு விரல் நீளம். சதை பிளந்துகொண்டு ரத்தம் கொட்டியது.

வலியைவிட வெட்கம்தான் பெரிசாக இருந்தது. வெளியே தெரிந்தால்? "மரத்தை விட்டுட்டுக் காலைச் சீவினவன்" என்று பேரப்பிள்ளை காலம்வரை சொல்லிச் சிரிப்பார்களே! மண்டோர் வந்து காலில் சிவப்புக் கோடு இழுத்தாலும் இழுப்பார்.

டிரசரிடம் போயிருக்கலாம். தோட்டத்து ஆஸ்பத்திரியை நடத்தியவர் டிரசர் ஐயா. யாழ்ப்பாணத்துக்காரர், வேதக்காரர், வெள்ளைச் சட்டையில் ஒரு கறை இருக்காது. ஆனால் வாய் இருக்கிறதே... அப்பப்பா! தலைவலி என்று போனால்கூட, அந்தத் தலை எதற்கு உனக்கு என்கிற மாதிரி ஒரு பார்வை பார்ப்பார். அதிலும் அவருக்கு ஆகவே ஆகாதது ஒன்று உண்டு. காயத்துக்கு ரப்பர் பால் பூசுவது.

நாங்கள் எல்லோரும் பூசுவோம். கைக்கெட்டுகிற தூரத்தில், மரத்தில் கட்டின மங்கு நிறையப் பால் இருக்கும்போது பிளாஸ்திரிக்கு எங்கே போவது? விரலால் தொட்டுக் காயத்தில் இழுகினால், மத்தியானத்துக்குள் காய்ந்து தோல் மாதிரி ஒட்டிக்கொள்ளும். ரத்தமும் நிற்கும், ஈயும் மொய்க்காது. டிரசர் ஐயா கண்ணில் பட்டால் மட்டும் ஆபத்து. மயிரோடு சேர்த்துப் பிய்த்து எடுப்பார், அப்புறம் அயோடின் ஊற்றுவார். போடுகிற அலறல் ஊருக்கே கேட்கும்.

ஆகவே நானும் பாலைத்தான் பூசினேன். மறுநாள் அதன் மேல் இன்னொரு பூச்சு. அதற்கு அடுத்த நாளும். ராசம்மாவுக்கு மட்டும் தெரியும். "டிரசர்கிட்ட போங்க, போங்க" என்று தினம் கெஞ்சினாள். நான்தான் அவள் வாயை அடைத்து வைத்திருந்தேன்.

வெட்டிப் பன்னிரண்டாவது நாள்.

அதற்கு மூன்று நாள் முன்னால், தோட்டத்துக்குப் பின்னால் காட்டோரப் பாதையில் துப்பாக்கிச் சண்டை நடந்திருந்தது. காட்டுக்காரன் ஒருவன் காலில் குண்டு உரசி, ரத்தம் சொட்டச் சொட்ட எங்கள் ரப்பர் மரங்களுக்குள் ஓடினான் என்று பேச்சு. அவனைத் தேடித்தான் அன்று காலையில் லாரி லாரியாக வந்து இறங்கினார்கள். தினமும் வேலைக்குப் பேர் கூப்பிடும் பெரட்டுக் களத்தில் ஆம்பிளைகளை வரிசையாக நிறுத்தி, காலைத் தூக்கிக் காட்டச் சொன்னார்கள்.

என் முறை வந்தது. வெள்ளைக்கார ஆபீசர் என் காலைப் பார்த்தார். அழுக்கேறின பால் பூச்சு, ஓரத்தில் காய்ந்த ரத்தம். தடியால் லேசாகத் தட்டினார். நான் துள்ளிவிட்டேன்.

அவ்வளவுதான். இரண்டு பேர் என் கையைப் பிடித்துப் பின்னால் கட்டினார்கள்.

"உளி பட்டுச்சு தொரை, உளிதான்!" என்று கத்தினேன். தோட்டத்துக் கணக்கு எழுதும் கிராணி அதை இங்கிலீஷில் சொன்னார். ஆபீசர் ஒரே ஒரு கேள்வி கேட்டார்: உளி பட்டவன் ஆஸ்பத்திரிக்கு ஏன் போகவில்லை? ஆஸ்பத்திரிப் புத்தகத்தில் ஏன் பேர் இல்லை?

என்ன சொல்வது? வெட்கமாக இருந்தது என்றா? கழுத்துக்குக் கத்தி வந்த பிறகு அதைச் சொன்னால் யார் நம்புவார்கள்?

அந்தக் காலத்தில் கோர்ட்டு, வக்கீல் எல்லாம் பார்த்துக்கொண்டிருக்க மாட்டார்கள். முகாமில் அடைத்துவிடுவார்கள். அங்கிருந்து கப்பலேற்றி இந்தியாவுக்கு அனுப்பினாலும் அனுப்பினதுதான். பக்கத்து லயத்தில் ஒருவர் அப்படித்தான் போனார், கடுதாசிகூட வரவில்லை. லாரியில் என்னை ஏற்றும்போது எனக்குக் கால் வலி தெரியவில்லை. ராசம்மா வயிற்றில் இருக்கிற பிள்ளை என் முகத்தைப் பார்க்குமா என்பது ஒன்றுதான் ஓடிக்கொண்டிருந்தது.

பொம்பளைகளைத் தனியாக ஒரு பக்கம் உட்கார வைத்திருந்தார்கள். நகரக் கூடாது என்று உத்தரவு. ராசம்மா எழுந்தாள். துப்பாக்கி வைத்திருந்தவன் அதட்டினான். அவள் நிற்கவே இல்லை... வயிற்றைப் பிடித்துக்கொண்டு நேராக ஆஸ்பத்திரிக்கு நடந்தாள். கர்ப்பிணி, ஆஸ்பத்திரிக்குப் போகிறாள் — அவன் என்ன நினைத்தானோ, விட்டுவிட்டான். அங்கே போய் அவள் சொன்னது இதுதான்:

"ஐயா, அவரு காலுக்குப் பால் பூசிட்டாருங்கய்யா!"

பன்னிரண்டு நாளாக எது டிரசர் காதுக்குப் போகக் கூடாது என்று பயந்தேனோ, அதே சேதி!

டிரசர் ஐயா வந்தார். ஆபீசரைப் பார்த்து ஒரு வணக்கம்கூட இல்லை. லாரிக்குப் பக்கத்தில் வந்து, பட்டாளத்துக்கு நடுவில், என்னைப் பிடித்து ஏச ஆரம்பித்தார்.

"விசரா! எத்தினை தரம் சொன்னனான், பால் பூசாதே எண்டு? நீ மனிசருக்குப் பிறந்தனியோ, மரத்துக்குப் பிறந்தனியோ? நீட்டடா காலை!"

சிப்பாய்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். நான் காலை நீட்டினேன்.

சாமணத்தை எடுத்துப் பூச்சின் ஓரத்தைக் கிள்ளிப் பிடித்தார். பிய்க்கப்போகிறார் என்று கண்ணை மூடிக்கொண்டேன். பிய்க்கவில்லை. வெங்காயம் உரிக்கிற மாதிரி, ஒரு தோல் மட்டும் மெதுவாக உரித்தார். வெள்ளை வெளேரென்று இருந்தது. அதற்குக் கீழே கொஞ்சம் மஞ்சள். அதற்கும் கீழே பழுப்பு. ஒவ்வொன்றாக எடுத்து லாரியின் பலகை மேல் வரிசையாக ஒட்டி வைத்தார். ஒன்பது தோல். கடைசித் தோல், மரத்தில் காய்ந்து கிடக்கும் ஒட்டுப்பால் மாதிரிக் கறுத்திருந்தது.

"கிராணி, பெரட்டுப் புத்தகத்தைக் கொண்டாரும்."

பன்னிரண்டு நாளில் இரண்டு நாள் மழை, ஒரு நாள் லீவு. மரம் வெட்டின நாள் ஒன்பது, பூச்சும் ஒன்பது. வெட்டாத நாளில் பாலுக்கு நான் எங்கே போவேன்?

ஆபீசர் லேசில் விடவில்லை. பழைய ரப்பரை எடுத்து ஒட்டியிருக்கலாமே என்றார். டிரசர் ஐயா என் காயத்தைக் காட்டிப் பேசினார். இங்கிலீஷ் எனக்குத் தெரியாது. கிராணி பிறகு சொல்லித்தான் தெரியும். மூன்று நாள் காயம் என்றால் சிவந்து வீங்கி, நீர் கசிந்துகொண்டிருக்கும். இதில் வீக்கம் வடிந்துவிட்டது. அடியிலிருந்து புதுச் சதை மணி மணியாக எழும்பிக் குழியை நிரப்பிவிட்டது. இரண்டு ஓரத்திலிருந்தும் மெல்லிய தோல் உள்ளே நகர்ந்து வந்திருக்கிறது. காயம் தன்னைத்தானே இழுத்துச் சுருக்கிக்கொண்டிருக்கிறது. இந்த வேலையெல்லாம் மூன்று நாளில் நடக்காது. பட்டாள உத்தரவு போட்டாலும் நடக்காது!

ஆபீசர் ஒன்பது தோலையும் மறுபடி எண்ணிப் பார்த்தார். அப்புறம் சொன்னார்: இதை எழுதிக் கையெழுத்துப் போடு. பொய் என்று பிறகு தெரிந்தால், காட்டுக்காரனுக்கு உடந்தை என்று நீயும் இதே லாரியில் ஏறுவாய்.

கிராணி இதை என் காதில் சொன்னார். டிரசர் ஐயாவுக்கு மூன்று பெண்பிள்ளைகள். நான் யார் அவருக்கு? சொந்தமா, பந்தமா? முதுகுக்குப் பின்னால் அவரைப் போலவே பேசிக் காட்டி லயத்தையே சிரிக்க வைத்தவன்.

அவர் ஆபீசரிடம் பேனாவைக் கேட்டு வாங்கினார். லாரிப் பலகையின் மேலேயே வைத்து எழுதினார். கையெழுத்துப் போட்டார். என் கட்டை அவிழ்த்தார்கள்.

ராசம்மா அங்கேயே தரையில் உட்கார்ந்து ஓவென்று அழுதாள். நானும்தான். இதில் என்ன வெட்கம்?

காயம் ஆறிவிட்டது. ஆனால் பழைய தோல் வரவே இல்லை. உடம்பு அப்படித்தான் போலிருக்கிறது. கூரை ஒழுகினால் கையில் கிடைத்த தகரத்தை வைத்து அடைக்கிறோமே, அந்த மாதிரி அவசரத்துக்கு ஒன்றைப் பின்னி மூடிவிடுகிறது. முதலில் சிவப்பாகப் புடைத்துக்கொண்டு இருந்தது. ஒரு வருடத்தில் வெளுத்துத் தணிந்தது. இன்றைக்கும் அந்த இடத்தில் மயிர் முளைக்காது, வேர்க்காது. எனக்கென்ன குறை? அந்தக் காலோடு நடந்து வீட்டுக்கு வந்தேன். மகளைத் தோளில் தூக்கிக்கொண்டு திரிந்தேன். கிடைத்த வாழ்வெல்லாம் அந்த மனிதர் போட்ட கையெழுத்தில் கிடைத்தது.

இரண்டு வருடம் கழித்து அவருக்கு வேறு தோட்டத்துக்கு மாற்றல் வந்தது. வழியனுப்ப நாங்கள் மூன்று பேரும் சிரம்பான் ரயில் நிலையத்துக்குப் போனோம். வழியெல்லாம் சொல்லிப் பார்த்து வைத்திருந்த நன்றி, அவரைப் பார்த்ததும் மறந்துபோனது. "ஐயா... அன்னிக்கு..." என்று இழுத்தேன்.

"பேச்சை விட்டிட்டுக் காலைக் காட்டு" என்றார்.

பிளாட்பாரத்தில், அத்தனை பேருக்கு நடுவில், சிலுவாரைச் சுருட்டினேன். வெள்ளைச் சட்டை அழுக்காகிறதே என்றுகூடப் பார்க்காமல் முழங்காலிட்டு உட்கார்ந்தார். தழும்பைக் கட்டைவிரலால் அழுத்தி, மேலிருந்து கீழ்வரை தடவிப் பார்த்தார்.

"வடிவா ஆறியிருக்கு" என்றார்.

அந்த மனிதர் வாயிலிருந்து ஒரு பாராட்டு வந்து நான் கேட்டது அந்த ஒரே ஒரு தடவைதான்... அதுவும் எனக்கில்லை, என் காலுக்கு!